உணவு உரிம வழக்கில் ஹைகோர்ட் உத்தரவிட்டும் அதிகாரி அசையவில்லையா? அவமதிப்பு மனு போடுவதற்கான வழிகாட்டி

பேக்கரிக்கோ, தண்ணீர் கேன் ஆலைக்கோ, மசாலா அரைக்கும் கூடத்துக்கோ உணவுப் பாதுகாப்பு உரிமம் கேட்டு மாதக்கணக்கில் அலைந்தீர்கள். கடைசியில் உயர் நீதிமன்றத்தில் ரிட் போட்டு, "ஆறு வாரத்துக்குள் முடிவெடுக்க வேண்டும்" என்று உத்தரவும் வாங்கினீர்கள். ஆறு வாரம் முடிந்து மேலும் இரண்டு மாதம் போய்விட்டது, அலுவலகத்தில் பேச்சே இல்லை. இந்த நிலையில் இருப்பவர்களுக்காகத்தான் இந்த வழிகாட்டி. தமிழ்நாட்டு நடைமுறையை வைத்து எழுதப்பட்டது. சட்டப் பிரிவுகள் இந்தியா முழுவதற்கும் ஒன்றே.

முதலிலேயே ஒன்று சொல்லிவிட வேண்டும். அவமதிப்பு மனு உரிமம் வாங்கித் தரும் மனு இல்லை. உத்தரவு என்ன, அது எந்தத் தேதியில் யார் கைக்குப் போனது, தெரிந்தே செய்யாமல் விட்டார்களா என்ற மூன்றை மட்டுமே நீதிமன்றம் அதில் பார்க்கும். இந்த மூன்றுக்கும் காகிதம் இருந்தால் மனு நிற்கும். இல்லையென்றால் எவ்வளவு நியாயம் உங்கள் பக்கம் இருந்தாலும் நிற்காது.

1. கையில் இருப்பது நீதிமன்ற உத்தரவுதானா?

உரிமம் தரும் மாவட்ட அதிகாரியான நியமன அலுவலர் உங்கள் உரிமத்தை ரத்து செய்தார், நீங்கள் உணவுப் பாதுகாப்பு ஆணையரிடம் மேல்முறையீடு செய்தீர்கள், ஆணையர் உங்களுக்குச் சாதகமாக உத்தரவிட்டார், மாவட்டத்தில் அதை அமல்படுத்தவில்லை என்று வைத்துக்கொள்வோம். இதற்கு அவமதிப்பு மனு போட முடியாது. ஆணையர் நீதிமன்றம் அல்ல. அவருடைய உத்தரவை அமல்படுத்தச் சொல்லி முதலில் அரசியலமைப்பின் 226-ஆவது பிரிவின் கீழ் ரிட் போட வேண்டும். அந்த ரிட்டில் வரும் உத்தரவையும் மீறினால்தான் அவமதிப்பு. அபராத வழக்குகளைத் தீர்க்கும் அலுவலரான டி.ஆர்.ஓ.வின் (மாவட்ட வருவாய் அலுவலர்) உத்தரவுக்கும் இதே நிலைதான்.

1971-ஆம் ஆண்டு நீதிமன்ற அவமதிப்புச் சட்டத்தின் பிரிவு 2(பி), தீர்ப்பு, ஆணை, உத்தரவு, ரிட் போன்றவற்றை வேண்டுமென்றே மீறுவதையும், நீதிமன்றத்துக்குக் கொடுத்த உறுதிமொழியை வேண்டுமென்றே மீறுவதையும் உரிமையியல் அவமதிப்பு என்கிறது. இடைக்காலத் தடை உத்தரவும் இதில் சேரும். "இரண்டு வாரத்தில் ஆய்வு முடித்துவிடுவோம்" என்று அரசு வழக்கறிஞர் உறுதி கொடுத்து, அதை நீதிபதி உத்தரவில் பதிவு செய்திருந்தால் அதுவும் சேரும். நீதிமன்ற அறையில் வாயால் சொன்னது மட்டும் இருந்து, உத்தரவுத் தாளில் அது இல்லையென்றால் எதுவும் செய்ய இயலாது.

அட்வகேட் ஜெனரலின் ஒப்புதல் வேண்டும் என்று சிலர் பயமுறுத்துவார்கள். அது பிரிவு 15-இன்படி குற்றவியல் அவமதிப்புக்கு. உங்களுடைய வழக்குக்கு அது தேவையில்லை.

2. உத்தரவின் கடைசிப் பத்தியைச் சொல் சொல்லாகப் படியுங்கள்

வழக்கின் கதையும் இரு தரப்பு வாதங்களும் உங்களுக்கு எவ்வளவு ஆறுதலாக இருந்தாலும், அதிகாரியைக் கட்டுப்படுத்துவது கட்டளைப் பகுதி மட்டுமே. அது பொதுவாகக் கடைசி ஒன்று அல்லது இரண்டு பத்திகளில் இருக்கும். அதை ஒரு தாளில் கையால் எழுதிப் பாருங்கள். பிறகு கீழ்க்கண்ட கேள்விகளைக் கேளுங்கள்.

யாருக்குக் கட்டளை? "இரண்டாம் எதிர்மனுதாரர்" என்று இருந்தால் ரிட் மனுவின் முதல் பக்கத்தை எடுத்து, அந்த இரண்டாம் எதிர்மனுதாரர் யார் என்று பாருங்கள். மாவட்ட நியமன அலுவலரா, வட்டார உணவுப் பாதுகாப்பு அலுவலரா, ஆணையரா? உங்களுடையது மத்திய உரிமம் என்றால் உரிமம் தரும் அதிகாரி மாநிலத் துறையில் இல்லை, மத்திய உணவுப் பாதுகாப்பு ஆணையமான எஃப்.எஸ்.எஸ்.ஏ.ஐ.யின் மண்டல அலுவலகத்தில் இருப்பார். மாநில அலுவலகத்துக்கு நகலை அனுப்பிவிட்டுக் காத்திருப்பதில் பயனில்லை.

என்ன கட்டளை? இங்கேதான் பலர் ஏமாறுகிறார்கள். "மனுதாரரின் விண்ணப்பத்தைச் சட்டப்படி பரிசீலித்து, தகுதியின் அடிப்படையில் உரிய உத்தரவு பிறப்பிக்க வேண்டும்" என்பது உரிமம் கொடுக்கச் சொல்லும் உத்தரவு இல்லை. முடிவெடுக்கச் சொல்லும் உத்தரவு. அதிகாரி நிராகரித்தாலும் அதை நிறைவேற்றியவர் ஆகிறார். "ரத்து உத்தரவு நீக்கப்படுகிறது, உரிமத்தை மீட்டுத் தர வேண்டும்" என்றோ "சீலை அகற்ற வேண்டும்" என்றோ இருந்தால்தான் அந்தச் செயலையே செய்தாக வேண்டும். அவமதிப்பு விசாரணையில் நீதிமன்றம் மூல உத்தரவின் நான்கு மூலைகளை, அதாவது அதில் எழுதியிருப்பதை, தாண்டிப் போகாது. சுதிர் வாசுதேவா வழக்கில் உச்ச நீதிமன்றம் 2014-இல் இதைத் தெளிவாகச் சொல்லியிருக்கிறது.

எப்போதிலிருந்து காலம் ஓடுகிறது? "இவ்வுத்தரவின் நகல் கிடைத்த நாளிலிருந்து" என்பதுதான் வழக்கமான சொற்றொடர். அப்படியானால் நகல் அவர் கைக்குப் போகும்வரை கடிகாரம் ஓடவே ஆரம்பிக்காது.

உங்களுக்கு நிபந்தனை இருக்கிறதா? "மனுதாரர் ஒரு வாரத்தில் புதிய விண்ணப்பம் தர வேண்டும்", "விசாரணைக்கு ஆஜராக வேண்டும்", "குறைகளைச் சரிசெய்து அறிக்கை தர வேண்டும்" போன்றவை. ஒன்று விட்டுப்போனாலும் அதையே காட்டித் தப்பிவிடுவார்கள்.

உத்தரவின் சொற்கள் இரண்டு விதமாகப் படிக்க இடம் கொடுத்தால் அவமதிப்புக்குப் போகாதீர்கள். ரிட் வழக்கிலேயே தெளிவுரை கேட்டு ஒரு மனு போடுங்கள். சந்தேகத்தின் பலன் எதிர்மனுதாரருக்குப் போகும் நடவடிக்கை இது.

3. உங்கள் பக்கத்து வேலையை முதலில் முடியுங்கள்

துறையின் பதில் மனுக்களில் வழக்கமாகப் பார்க்கக்கூடிய வரி: "விண்ணப்பத்தில் கேட்கப்பட்ட விளக்கத்துக்கு மனுதாரர் பதில் தரவில்லை." உணவு உரிமத்துக்கு விண்ணப்பிக்கும் ஃபாஸ்காஸ் இணையதளத்தில் விண்ணப்பம் விளக்கம் கேட்டுத் திருப்பி அனுப்பப்பட்டிருக்கும். குறுஞ்செய்தி ஏதோ பழைய எண்ணுக்குப் போயிருக்கும். 2011-ஆம் ஆண்டு உரிம ஒழுங்குமுறைகளின்படி, கேட்ட விவரத்தை 30 நாளில் தராவிட்டால் விண்ணப்பம் நிராகரிக்கப்பட்டதாகிவிடும். ஆகவே நீதிமன்ற உத்தரவு கைக்கு வந்த அன்றே இணையதளத்தில் நுழைந்து விண்ணப்பத்தின் நிலையைப் பாருங்கள். விண்ணப்பத்தைப் பதிவேற்றியவர் ஏஜென்ட் என்றால் உள்நுழைவுப் பெயரையும் கடவுச்சொல்லையும் அவரிடமிருந்து வாங்கி, கைபேசி எண்ணையும் மின்னஞ்சலையும் உங்களுடையதாக மாற்றுங்கள். இதை மட்டும் தள்ளிப்போடாதீர்கள்.

உற்பத்திக் கூடங்களுக்கு வழக்கமாகக் கேட்கப்படுபவை: அளவுகளோடு கூடிய கட்டட வரைபடம், இயந்திரப் பட்டியல் குதிரைத்திறனோடு, இடத்தின் உரிமை அல்லது வாடகை ஒப்பந்தம், குடிநீரின் வேதியியல் மற்றும் நுண்ணுயிர்ப் பரிசோதனை அறிக்கை, உணவுப் பாதுகாப்பு மேலாண்மைத் திட்டம், கூட்டு நிறுவனமானால் பங்குதாரர் பட்டியல். தண்ணீர் அறிக்கை பழையதாகியிருந்தாலும் வாடகை ஒப்பந்தம் இடையில் முடிந்திருந்தாலும் புதுப்பித்துப் பதிவேற்றுங்கள். பதிவேற்றிய பின் தோன்றும் திரையைத் தேதியோடு அச்செடுத்து வையுங்கள். நாளை நீதிமன்றத்தில் இந்த அச்சைக் காட்ட வேண்டியிருந்தால், 2023-ஆம் ஆண்டு பாரதிய சாட்சிய அதினியத்தின் பிரிவு 63-இன் கீழ் மின்னணுப் பதிவுக்கான சான்றிதழையும் இணைக்க வேண்டும். அச்செடுத்தவர் யார், எந்தக் கணினியில், எந்த நேரத்தில் என்பதை அன்றே குறித்துக்கொண்டால் பின்னால் சிக்கல் இல்லை.

4. நகலைச் சேர்த்து, சேர்ந்ததற்குச் சான்று வாங்குங்கள்

இந்த ஒரு படிக்கு எவ்வளவு நேரம் செலவழித்தாலும் தகும்.

முதலில் சான்றிட்ட நகலுக்கு விண்ணப்பியுங்கள். உயர் நீதிமன்ற இணையதளத்திலிருந்து இறக்கிய நகலை வைத்து அலுவலகத்துக்குத் தகவல் சொல்லலாம். ஆனால் "நகல் கிடைத்த நாளிலிருந்து" என்று உத்தரவு சொல்லும்போது, சான்றிட்ட நகலைச் சேர்த்த தேதியைப் பிடித்துக்கொள்வதே பாதுகாப்பு.

அதோடு ஒரு முகப்புக் கடிதம் வையுங்கள். வழக்கு எண், உத்தரவுத் தேதி, கட்டளைப் பத்தி முழுவதும், ஃபாஸ்காஸ் விண்ணப்ப எண், நீங்கள் நிறைவேற்றிய நிபந்தனைகள், காலக்கெடு எந்தத் தேதியில் முடிகிறது என்ற விவரம் எல்லாம் அதில் இருக்கட்டும். கோரிக்கையும் பணிவும் போதும். மிரட்டல் வரி ஒன்றுகூட வேண்டாம், இந்தக் கடிதத்தை நாளை நீதிபதி படிப்பார்.

மூன்று வழியிலும் அனுப்புங்கள். நேரில் கொடுத்து, உங்கள் பிரதியில் அலுவலக முத்திரை, தேதி, பெறுபவரின் கையெழுத்து, முடிந்தால் தபால் பதிவேட்டு எண் ஆகியவற்றை வாங்குங்கள். முத்திரை மட்டும் போட்டுத் தேதி இல்லாமல் தருவார்கள், அதை ஏற்றுக்கொண்டு வந்துவிடாதீர்கள். இரண்டாவது தபால். பதிவுத் தபால் 2025-இல் விரைவுத் தபாலோடு இணைக்கப்பட்டுவிட்டதால், ஸ்பீட் போஸ்ட்டில் பெறுநரிடம் மட்டும் சேர்க்கும் பதிவு வசதியும் சேர்ப்புச் சான்றும் கேட்டு அனுப்புங்கள். சேர்ந்த விவரம் இணையதளத்தில் என்றைக்கும் இருக்காது. சேர்ந்த மறுநாளே அந்தப் பக்கத்தை அச்செடுங்கள். மூன்றாவது, அலுவலகத்தின் அதிகாரப்பூர்வ மின்னஞ்சல்.

வாங்க மறுத்தால்? சண்டை வேண்டாம். மறுத்த தேதி, நேரம், எந்த மேசை என்பதைக் குறித்துக்கொண்டு அன்றே தபாலில் சேர்த்து, மறுத்த விவரத்தையும் அந்தக் கடிதத்தில் எழுதுங்கள். உறையின் மேல் "வாங்க மறுப்பு" என்று குறித்துத் திரும்பி வந்தால் உறையைப் பிரிக்காமல் வைத்திருங்கள். அதுவே சான்று.

5. நாட்களை எண்ணுங்கள்

மார்ச் 10 அன்று நகல் சேர்ந்தது, ஆறு வாரம் அவகாசம் என்றால் 42 நாள். ஏப்ரல் 21-உடன் அவகாசம் முடிகிறது. ஏப்ரல் 22 முதல் மீறல். அவமதிப்புச் சட்டத்தின் பிரிவு 20-இன்படி, அவமதிப்பு நடந்ததாகச் சொல்லப்படும் நாளிலிருந்து ஓராண்டுக்குப் பின் நடவடிக்கை தொடங்க முடியாது. மனு அந்த ஓராண்டுக்குள் தாக்கலாகியிருந்தால் போதும் என்று பல்லவ் சேத் வழக்கில் 2001-இல் உச்ச நீதிமன்றம் விளக்கியது. எனவே அடுத்த ஆண்டு ஏப்ரல் 21 உங்கள் கடைசி நாள்.

இந்த ஓராண்டை யாரும் நீட்டித்துத் தருவதில்லை. இடையில் பத்து நினைவூட்டல் கடிதம் அனுப்பினாலும் ஒவ்வொன்றுக்கும் புதிதாக ஓராண்டு பிறக்காது. "இன்று முடிந்துவிடும், நாளை முடிந்துவிடும்" என்று அலுவலகத்தில் சொல்வதை நம்பி நாளைக் கடத்தியவர்கள் இழந்தது இந்தக் காலத்தைத்தான். "தொடர் மீறல்தானே, எப்போது வேண்டுமானாலும் போடலாம்" என்று ஒருவர் சொன்னால் அதையும் நம்பி இருக்க வேண்டாம். நான்காவது மாதத்துக்குள் தாக்கல் செய்துவிடுவது நல்லது. மே மாதக் கோடை விடுமுறையையும் கணக்கில் வையுங்கள்.

இதே காலத்தில் துறை என்ன செய்கிறது என்றும் பாருங்கள். தனி நீதிபதியின் உத்தரவுக்கு எதிராக 30 நாளில் ரிட் மேல்முறையீடு போடலாம். மேல்முறையீடு போட்டதாலேயே உத்தரவு நின்றுவிடாது, தடை கிடைத்தால்தான் நிற்கும். ஆனால் தடை கேட்கும் மனு நிலுவையில் இருந்தால், அது தீரும்வரை அவமதிப்பு மனு பெரும்பாலும் காத்திருக்கும். உத்தரவு வந்த வாரமே கேவியட் (முன்னெச்சரிக்கை மனு) போட்டு வைத்தால் உங்களைக் கேட்காமல் தடை தருவதைத் தடுக்கலாம். கேவியட் 90 நாள் உயிரோடு இருக்கும். "கால நீட்டிப்பு" கேட்டு ரிட்டிலேயே துறை மனு போட்டிருக்கிறதா என்று வழக்கு நிலைப் பக்கத்தில் வாரம் ஒருமுறை பாருங்கள்.

6. வழக்கறிஞர் அறிவிப்பு

சட்டம் இதைக் கட்டாயமாக்கவில்லை. இருந்தாலும் அவகாசம் முடிந்த பின் பத்து அல்லது பதினைந்து நாள் கொடுத்து ஓர் அறிவிப்பு அனுப்புங்கள். "தெரியாது, கவனத்துக்கு வரவில்லை" என்ற வாதத்தை இது மூடிவிடும். பல கோப்புகள் இந்த அறிவிப்போடே நகர்ந்துவிடும் என்பதும் உண்மை.

7. யாரைப் பெயர் சொல்லிச் சேர்ப்பது

ரிட் மனுவில் "நியமன அலுவலர், உணவுப் பாதுகாப்புத் துறை" என்று பதவியை மட்டும் எழுதினால் போதும். அவமதிப்பு மனுவில் அந்தப் பதவியில் இருக்கும் ஆளின் பெயர் வேண்டும், ஏனென்றால் தண்டனை ஆளுக்குத்தான். அவகாசம் ஓடிய காலத்தில் பதவியில் இருந்தவர் யார், இப்போது இருப்பவர் யார் என்பது தெரியாமல் மனு எழுதாதீர்கள்.

இதற்குத் தகவல் அறியும் உரிமைச் சட்டம் உதவும். கட்டணம் 10 ரூபாய், பதில் தர 30 நாள். நகல் சேர்த்த வாரத்திலேயே விண்ணப்பித்தால் அவகாசம் முடியும்போது பதில் கையில் இருக்கும். கேட்க வேண்டியவை: குறிப்பிட்ட தேதிகளுக்கு இடையே நியமன அலுவலர் பொறுப்பில் இருந்தவர்களின் பெயரும் காலமும், நீதிமன்ற உத்தரவு பெறப்பட்ட தேதியும் தபால் பதிவேட்டு எண்ணும், அந்த உத்தரவின் மீதான கோப்புக் குறிப்புகளின் நகல். கோப்புக் குறிப்பு சில நேரம் வழக்கையே தீர்த்துவிடும். "உத்தரவு பெறப்பட்டது, பின்னர் பார்க்கலாம்" என்ற பொருளில் ஒரு வரி இருந்தால் வேண்டுமென்றே செய்த மீறலுக்கு அதைவிடச் சான்று தேவையில்லை.

அதிகாரி மாற்றலாகிப் போயிருந்தால், புதிதாக வந்தவருக்கு மறுபடியும் நகலும் அறிவிப்பும் சேருங்கள். அவருக்கு நியாயமான அவகாசம் கொடுங்கள், ஆனால் ஓராண்டுக் கெடு உங்கள் கண்ணில் இருக்கட்டும். கோபத்தில் செயலர், ஆணையர், மாவட்ட ஆட்சியர் என்று எல்லாரையும் சேர்ப்பது மனுவுக்குக் கெடுதல். கட்டளை யாருக்கோ அவரை மட்டும் சேருங்கள்.

8. மனுவும் டைப்டு செட்டும்

ரிட் உத்தரவு சென்னையில் வந்திருந்தால் சென்னையிலும், மதுரைக் கிளையில் வந்திருந்தால் மதுரையிலும் தாக்கல் செய்ய வேண்டும். மனு அவமதிப்புச் சட்டத்தின் பிரிவு 11-இன் கீழ் போடப்படும். மனு, அதற்கு ஆதாரமான பிரமாண வாக்குமூலம், வக்காலத்து, டைப்டு செட் (ஆவணங்களின் தொகுப்பு) ஆகியவை வேண்டும். டைப்டு செட்டில் தேதி வரிசைப்படி இருக்க வேண்டியவை:

ஃபாஸ்காஸ் விண்ணப்பமும் கட்டண ரசீதும். ரிட் உத்தரவின் சான்றிட்ட நகல். முகப்புக் கடிதம், அலுவலக முத்திரையோடு. தபால் ரசீதும் சேர்ப்புச் சான்றும். நிபந்தனைகளை நிறைவேற்றியதற்கான ஆவணங்கள். விண்ணப்பத்தின் இன்றைய நிலையைக் காட்டும் அச்சு. வழக்கறிஞர் அறிவிப்பும் அது சேர்ந்ததற்கான சான்றும். தகவல் அறியும் உரிமைப் பதில்.

தமிழ் ஆவணங்களுக்கு ஆங்கில மொழிபெயர்ப்பு சேர்க்க வேண்டும். இதற்கு ஒரு வாரமாவது ஒதுக்குங்கள்.

வாக்குமூலத்தை எழுதும்போது மூன்று பக்கத்துக்குள் முடிக்கப் பாருங்கள். உத்தரவு, சேர்ந்த நாள், கெடு முடிந்த நாள், இன்றுவரை செய்யப்படாதது, அவருக்குத் தெரியும் என்பதற்கான சான்று. லஞ்சம் கேட்டார்கள் என்ற குற்றச்சாட்டு உங்களிடம் இருந்தால், ஆதாரத்தோடு லஞ்ச ஒழிப்புத் துறைக்குத் தனியாகக் கொண்டுபோங்கள். இந்த மனுவுக்குள் கொட்டினால் விசாரணை திசைமாறும். தெரியாத ஒன்றை உறுதியாகச் சொல்லாதீர்கள். பொய் வாக்குமூலம் தந்தால் நடவடிக்கை உங்கள் மீதே திரும்பும்.

தாக்கல் செய்ததும் தற்காலிகப் பதிவு எண்ணான எஸ்.ஆர். எண் கிடைக்கும். குறைகள் இருந்தால் தாள்களை ரிட்டர்ன் செய்வார்கள். பக்க எண் இல்லாதது, மங்கலான நகல், மொழிபெயர்ப்பு விட்டுப்போனது, பெயரில் எழுத்துப் பிழை ஆகியவைதான் வழக்கமான காரணங்கள். திருப்பிய தாள்களைக் குறித்த நாளுக்குள் சரிசெய்து மீண்டும் தர வேண்டும். வழக்கறிஞரின் அலுவலகத்தில் கட்டு தூங்கிவிடாமல் நீங்களே கேட்டுக்கொண்டிருங்கள். எண்ணிட்ட பிறகுதான் பட்டியலில் வரும்.

9. செலவு

நீதிமன்றக் கட்டணமும் வக்காலத்து வில்லைகளும் மொத்தச் செலவில் சிறு பகுதி. பெரும்பகுதி வழக்கறிஞர் கட்டணம், அடுத்து மொழிபெயர்ப்பு, தட்டச்சு, நகல்கள், நீங்கள் வெளியூர் என்றால் பயணம். கட்டணம் பேசும்போது "வழக்கு முழுவதற்கும்" எவ்வளவு, "ஒரு வாய்தாவுக்கு" எவ்வளவு என்று தெளிவாகக் கேட்டு எழுதி வாங்குங்கள். அவமதிப்பு மனு நாலைந்து வாய்தா போகக்கூடும் என்பதால் வாய்தா கணக்கு கையை மீறும். ரிட் நடத்தியவரே இதையும் நடத்தினால் கட்டு முழுவதும் அவரிடம் இருக்கும், குறைவாகவும் முடியும்.

பெண்கள், பட்டியல் சாதி, பழங்குடியினர், மாற்றுத்திறனாளிகள் ஆகியோருக்கு வருமானம் எவ்வளவு இருந்தாலும் 1987-ஆம் ஆண்டுச் சட்டப் பணிகள் ஆணையச் சட்டத்தின் பிரிவு 12-இன்படி இலவச சட்ட உதவி உண்டு. உயர் நீதிமன்றச் சட்டப் பணிகள் குழுவில் விண்ணப்பிக்கலாம், உதவி எண் 15100. தெருவோரக் கடை நடத்தும் எத்தனையோ பெண்கள் இது தெரியாமலே கடன் வாங்கி வழக்கு நடத்துகிறார்கள்.

இந்த மனுவால் பணம் கிடைக்கும் என்று எதிர்பார்க்காதீர்கள். அவமதிப்புச் சட்டத்தின் பிரிவு 12-இன்படி உச்சபட்ச தண்டனை ஆறு மாத வெறுங்காவல் அல்லது 2,000 ரூபாய் அபராதம் அல்லது இரண்டும். அந்த அபராதமும் உங்களுக்கு வராது. கடை மூடியிருந்த நாட்களின் நஷ்டத்துக்கு இந்த மனுவில் பரிகாரம் இல்லை.

10. விசாரணை எப்படி நகரும்

முதல் நாளில் பெரும்பாலும் அரசு வழக்கறிஞரிடம் "விவரம் கேட்டுச் சொல்லுங்கள்" என்று ஓரிரு வாரம் தருவார்கள். பல வழக்குகளில் அந்த இரண்டு வாரத்தில்தான் ஆய்வாளர் உங்கள் கூடத்துக்கு வருவார். இடம் தயாராக இருக்கட்டும்: கழுவும் தொட்டி, மூடிய குப்பைத்தொட்டி, பணியாளர்களின் மருத்துவச் சான்று, பூச்சிக் கட்டுப்பாட்டுப் பதிவு. இந்த ஆய்வில் குறை எழுதப்பட்டால் அடுத்த வாய்தாவில் அதுவே துறையின் கேடயம்.

அதன்பிறகும் அசையாவிட்டால் சட்டப்படியான அறிவிப்பு அனுப்பப்படும். அதிகாரி நேரில் வர வேண்டியிருக்கலாம். ஆனால் அரசு அதிகாரிகளை நேரில் அழைப்பது பற்றி 2024 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் வழிமுறை வகுத்த பின், முதலில் காணொளி வழியாக ஆஜராக வாய்ப்புத் தருவதே முறை. அதிகாரி நீதிமன்றத்தில் நிற்பதைப் பார்க்க வேண்டும் என்ற எண்ணத்தில் மனு போடாதீர்கள். குற்றச்சாட்டு வனைந்து தண்டனை வரை போகும் மனுக்கள் மிகக் குறைவு. உத்தரவு நிறைவேறினால், தாமதத்துக்கு மன்னிப்பு கேட்டு வாக்குமூலம் போடுவார்கள், மனு முடிக்கப்படும்.

முடிக்கப்படும் அந்த நாளில் உங்கள் வழக்கறிஞர் இரண்டு விஷயம் கேட்க வேண்டும். எந்தத் தேதியில் என்ன உத்தரவு பிறப்பிக்கப்பட்டது என்பது பதிவாக வேண்டும். "உரிமம் வழங்கும் பணி நடைபெறுகிறது" என்று மட்டும் சொன்னால், குறிப்பிட்ட தேதி போட்ட உறுதிமொழியும், அது மீறப்பட்டால் மனுவை மீண்டும் எழுப்பும் சுதந்திரமும் பதிவாக வேண்டும். இவை இல்லாமல் முடித்தால் மறுபடியும் முதல் படிதான்.

மனு தள்ளுபடியானால் அவமதிப்புச் சட்டத்தின் பிரிவு 19-இன் கீழ் மேல்முறையீடு கிடைக்காது. அந்தப் பிரிவு தண்டிக்கப்பட்டவருக்கானது. மிட்னாபூர் கூட்டுறவு வங்கி வழக்கில் 2006-இல் உச்ச நீதிமன்றம் இதை உறுதி செய்தது.

11. நிராகரிப்பு உத்தரவு வந்தால்

அவமதிப்பு நோட்டீஸ் போன பிறகு அவசரமாக ஒரு நிராகரிப்பு உத்தரவு வருவது புதிதல்ல. "பரிசீலிக்க வேண்டும்" என்ற கட்டளை அதோடு நிறைவேறிவிட்டது. அந்த முடிவு சரியா தவறா என்பது புதிய வழக்குக்கான காரணம், அவமதிப்புக்கு உரியதல்ல. ஜே.எஸ். பரிஹார் வழக்கில் 1996-இல் உச்ச நீதிமன்றம் சொன்னது இதுதான்.

மனம் தளராமல் உத்தரவைப் படியுங்கள். உணவுப் பாதுகாப்புச் சட்டத்தின் பிரிவு 31(4)-இன்படி நிராகரிக்கும் முன் உங்களைக் கேட்டிருக்க வேண்டும், காரணங்களை எழுத்தில் பதிவு செய்திருக்க வேண்டும், நகலும் தர வேண்டும். இதில் ஏதாவது இல்லையென்றால் அதுவே மேல்முறையீட்டின் முதல் காரணம். மேல்முறையீடு நிராகரிப்புக்கு பிரிவு 31(8)-இன் கீழ், மேம்பாட்டு அறிவிப்பு (குறைகளைச் சரிசெய்யச் சொல்லும் அறிவிப்பு), இடைநிறுத்தம், ரத்து ஆகியவற்றுக்கு பிரிவு 32(4)-இன் கீழ். இரண்டும் ஆணையரிடம். பிரிவு 32 சொல்லும் காலம் 15 நாள். நிராகரிப்புக்கும் அதே 15 நாளுக்குள் போட்டுவிடுங்கள். அவமதிப்பு மனு நிலுவையில் இருக்கிறதே என்று காத்திருந்தால் இந்தக் கெடு போய்விடும்.

12. இடைக்காலத்தில் கடையைத் திறக்கலாமா?

பிரிவு 31(4)-இன் விதிவிலக்கு முக்கியமானது. விண்ணப்பித்த நாளிலிருந்து இரண்டு மாதத்துக்குள் உரிமமும் வரவில்லை, நிராகரிப்பும் வரவில்லை என்றால் தொழிலைத் தொடங்கலாம். அதன்பின் அலுவலர் உரிமம் மறுக்க முடியாது, தேவைப்பட்டால் பிரிவு 32-இன் கீழ் மேம்பாட்டு அறிவிப்புதான் தரலாம். ஆனால் இது முழுமையான விண்ணப்பத்துக்கு. விளக்கம் கேட்டுத் திருப்பப்பட்டு நீங்கள் பதில் தராத விண்ணப்பத்துக்கு இதைக் காட்ட முடியாது. இடைநிறுத்தப்பட்ட, ரத்தான உரிமத்துக்கும் பொருந்தாது. உரிமமின்றி நடத்துவது பிரிவு 63-இன் கீழ் நடவடிக்கைக்கு உரியது. சீல் வைத்த கதவை எந்தக் காரணத்துக்காகவும் நீங்களாகத் தொடாதீர்கள், உங்கள் கையில் நீதிமன்ற உத்தரவே இருந்தாலும் அதிகாரிதான் அகற்ற வேண்டும்.

உங்களிடம் உள்ள பழைய உரிமத்தில் காலாவதித் தேதி இருந்தால், வழக்கு நடக்கும்போது அது முடிந்துபோக விடாதீர்கள். உயிரில்லாத உரிமத்தை மீட்டுத் தரச் சொல்ல முடியாது.

13. உத்தரவு உங்களுக்கு எதிராக இருந்தால்

அவமதிப்பு அதிகாரிகளுக்கு மட்டுமானதல்ல. அக்கம்பக்கத்தார் போட்ட வழக்கில் "உரிமம் பெறும்வரை ஆலை இயங்கக் கூடாது" என்று உத்தரவு வந்து, நீங்கள் இரவில் மட்டும் ஓட்டினாலும் அது மீறல்தான். மின் கட்டண ரசீது ஒன்றே அதை நிரூபித்துவிடும். "ஒரு மாதத்தில் உரிமம் வாங்கிவிடுவேன்" என்று நீங்கள் கொடுத்த உறுதிமொழியும் உத்தரவுக்குச் சமம். கெடுவுக்குள் முடியாது என்று தெரிந்தால், கெடு முடிவதற்கு முன்பே கால நீட்டிப்பு கேட்டு மனு போடுங்கள். முடிந்த பின் போடும் மனுவுக்கு மதிப்புக் குறைவு.

நோட்டீஸ் வந்துவிட்டால் முதலில் உத்தரவை நிறைவேற்றுங்கள், பிறகு வாக்குமூலம் எழுதுங்கள். மூடிய தேதி, மின் அளவீட்டின் படம், இருப்பை அகற்றிய ரசீது, உரிம விண்ணப்ப எண் ஆகியவற்றை இணையுங்கள். மன்னிப்பு நிபந்தனையின்றி, முதல் பத்தியிலேயே இருக்கட்டும். "நான் தவறு செய்யவில்லை, ஆனாலும் மன்னிப்பு" என்ற வகையில் எழுதினால் அதை மனமார்ந்த மன்னிப்பாக ஏற்பது கடினம். மேல்முறையீடு செய்ய நினைத்தாலும் தடை வாங்கும்வரை கதவு மூடியே இருக்க வேண்டும்.

வழக்கு எந்த விதத்தில் முடிந்தாலும் முடிப்பு உத்தரவுக்குச் சான்றிட்ட நகல் வாங்கி, அதில் சொன்ன தேதிகளை ஃபாஸ்காஸ் கணக்கில் உள்ள உரிமத் தேதிகளோடு ஒப்பிடுங்கள். எழுத்துப் பிழை, முகவரிப் பிழை, தொழில் வகைப் பிழை இருந்தால் அந்த வாரமே திருத்த விண்ணப்பியுங்கள்.